அட்டையின் பின்பக்கம்: வாசகர் கேள்வி – பதில்

இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் தொகுப்பு ஆல்பங்களைப் பற்றியே பேசுகின்றன. மற்ற கேள்விகளை அடுத்த இதழுக்கு ஒத்தி வைத்துவிட்டு, இவற்றை மட்டும் எடுத்துக்கொள்கிறேன்.

மதுரை வாசகர்: ஏற்கெனவே வந்த பாட்டுகளை எடுத்து, புது அட்டை போட்டு, ‘ஹிட்ஸ்’ என்று பெயர் வைத்து விற்கிறார்கள். இதில் வியாபாரத்தைத் தவிர வேறென்ன இருக்கிறது ஐயா?

கடைக்கு வருகிற தொகுப்புகளில் பெரும்பாலானவை நீங்கள் சொல்வது போலத்தான். மறுக்க மாட்டேன். ஆனால் ஒரே ஒரு தொகுப்பின் கதையைச் சொல்கிறேன், கேளுங்கள்.

1952-இல் நியூயார்க்கில் ஹாரி ஸ்மித் என்று ஓர் இளைஞர். வயது முப்பதுகூட ஆகவில்லை. கையில் காசு கிடையாது. ஆனால் மற்றவர்கள் கழித்துப்போட்ட நிமிடத்துக்கு 78 முறை சுழலும் பழைய 78 சுழற்சித் தட்டுகள் ஆயிரக்கணக்கில் இருந்தன. அவற்றை விற்றுவிடலாம் என்று ஃபோக்வேஸ் இசைத்தட்டு நிறுவனத்தின் மோசஸ் ஆஷைப் பார்க்கப் போனார். ஆஷ், “தட்டுகளை விற்காதே, அதிலிருந்து நீயே ஒரு தொகுப்பு செய்து கொடு” என்று சொல்லிவிட்டார். அப்படி வந்ததுதான் ‘அமெரிக்க நாட்டுப்புற இசைத் தொகுப்பு’. ஆறு எல்.பி. தட்டுகள் (பக்கத்துக்குப் பல பாட்டு அடங்கும் நீள்நேரத் தட்டுகள்), 84 பாடல்கள்.

எல்லாம் 1920களின் பிற்பகுதியிலிருந்து 1932 வரை வெளியான தட்டுகள். அந்த எல்லையை ஸ்மித் காரணத்தோடுதான் போட்டார். 1927 வாக்கில் மின்சார ஒலிப்பதிவு நன்கு தேறி, குரல் தெளிவாகப் பதிய ஆரம்பித்தது. 1932-இல் பொருளாதார மந்தம் கிராமத்து இசைத்தட்டு விற்பனையையே படுக்க வைத்துவிட்டது. அந்த இடைவெளியில் பதிவான குரல்களை மட்டும் எடுத்தார். கதைப் பாடல்கள், கூடிப் பாடி ஆடும் இசை, தனிப் பாடல்கள் என்று மூன்றாகப் பிரித்தார். பாடியவர் வெள்ளையரா கறுப்பரா என்று எங்குமே போடவில்லை. அன்றைய அமெரிக்காவில் கம்பெனிகள் இரண்டு இனத்தாருக்கும் தனித்தனிப் பட்டியல் வைத்து விற்றுக்கொண்டிருந்தன என்பதை நினைத்தால், இது எவ்வளவு பெரிய காரியம் என்று புரியும்.

கூடவே ஒரு சிறு புத்தகம். ஒவ்வொரு பாட்டுக்கும் எண், பாடியவர், முதலில் வந்த தட்டின் எண், பதிவான காலம், கதையை நாளிதழ்த் தலைப்பு போலச் சுருக்கி ஒரு வரி. வானொலி நிலையத்தின் இசைத்தட்டு நூலகத்தில் அட்டை எழுதியே காலம் தள்ளியவன் நான். படம், ஆண்டு, பாடியவர், இயற்றியவர், இசை, தட்டு எண், எந்தப் பக்கம், எத்தனை நிமிடம் எத்தனை வினாடி என்று ஒவ்வொரு பாட்டுக்கும் ஓர் அட்டை. ஸ்மித் செய்த வேலையின் அருமை எனக்கு அங்கேதான் தைத்தது.

அந்தத் தொகுப்பில் இரண்டு பாட்டு பாடியவர் மிசிசிப்பி ஜான் ஹர்ட். 1928-இல் ‘ஓகே’ (Okeh) என்ற இசைத்தட்டுக் கம்பெனி அவரைப் பதிவு செய்தது. தட்டு விற்கவில்லை, மனிதர் தன் ஊருக்கே திரும்பிக் கூலி விவசாயம் பார்க்கப் போய்விட்டார். அவர் குரலில் மயங்கிய இளைஞர்கள், இன்னொரு பழைய பாட்டில் அவர் தன் சொந்த ஊர் அவலான் என்று பாடியிருப்பதைக் கவனித்தார்கள். வரைபடத்தில் தேடி 1963-இல் போய்ப் பார்த்தால், ஆள் அங்கேயே இருந்தார்! அதே வருடம் நியூபோர்ட் நாட்டுப்புற இசை விழாவில் பாடினார். 1966-இல் இறக்கும்வரை பாடிக்கொண்டிருந்தார். அமெரிக்கப் பாடகர் பாப் டிலன் 1962-இல் வெளியிட்ட முதல் ஆல்பத்தின் கடைசிப் பாட்டும் ஸ்மித் எடுத்து வைத்த 84-இல் ஒன்று.

அந்த 84-இல் ஸ்மித் பாடியது ஒன்றுமில்லை, எழுதியது ஒன்றுமில்லை. எதை எடுப்பது, எதற்கு அடுத்து எதை வைப்பது என்ற முடிவு மட்டும் அவருடையது. தொகுப்பவர் யார் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது ஐயா.

திருநெல்வேலி வாசகர்: வீட்டில் பி. சுசீலா பாடல் தொகுப்புகள் நாலைந்து இருக்கின்றன. ஒன்றில் இருப்பது இன்னொன்றில் இல்லை. எல்லா நல்ல பாட்டையும் ஒரே தொகுப்பில் ஏன் போடுவதில்லை?

பாட்டு பாடகருடையது அல்ல என்பதுதான் காரணம். படத்தயாரிப்பாளர் இசை உரிமையை எந்தக் கம்பெனிக்குக் கொடுத்தாரோ, ஒலிப்பதிவு அந்தக் கம்பெனியின் சொத்து. 50களிலும் 60களிலும் எச்.எம்.வி., கொலம்பியா என்று வேறு வேறு முத்திரை பார்த்திருப்பீர்கள். இரண்டும் கிராமஃபோன் கம்பெனிதான். அதனால் அந்தக் காலப் பாட்டுகள் ஒரே இடத்தில் ஓரளவு கிடைக்கும். பிறகு இன்ரெகோ, சங்கீதா, எக்கோ என்று பல கம்பெனிகள் வந்தன. 80களின் இளையராஜா பாட்டுகள் பல எக்கோ முத்திரையில் வந்தவை. அப்போது நாள் முழுக்கப் பாடிக்கொண்டிருந்த ஒருவரின் பாட்டுகள் நாலைந்து கம்பெனிகளிடம் சிதறித்தான் கிடக்கும். அடுத்த கம்பெனியின் பாட்டைச் சேர்க்க வேண்டுமென்றால் அனுமதி கேட்டுப் பணம் கட்ட வேண்டும். தன் கிட்டங்கியில் இருப்பதை வைத்தே ‘ஹிட்ஸ்’ போட்டுவிட முடியும்போது யார் அந்தச் சிரமத்தை எடுத்துக்கொள்வார்கள்? ஆகவே, இனி தொகுப்பு வாங்கும்போது பாடகர் படத்தைப் பார்ப்பதற்கு முன் கம்பெனி முத்திரையைப் பாருங்கள்.

2017-இல் வந்த சரிகம கார்வான் பெட்டிக்கும் இது பொருந்தும். 5,000 பாட்டு, இணையம் தேவையில்லை, திருகினால் பாடும். வயதானவர்களுக்கு அருமையான பொருள். நான் பலருக்குச் சிபாரிசு செய்திருக்கிறேன். ஆனால் பழைய கிராமஃபோன் கம்பெனியின் வாரிசான சரிகமவின் களஞ்சியம்தான் அதில் இருக்கும்.

சட்டப்படி ஒலிப்பதிவு உரிமை, வெளியான ஆண்டிலிருந்து 60 வருடம். 1964 வரை வந்த தட்டுகளுக்கு அது முடிந்துவிட்டது. ஆனால் வரிகளுக்கும் மெட்டுக்கும் கணக்கு வேறு: படைத்தவர் மறைந்து 60 வருடம். கண்ணதாசன் 1981-இல் மறைந்தார். அவர் வரிகளுக்கு 2041 முடிய உரிமை உண்டு. தட்டு பழசாகிவிட்டது என்பதற்காக யார் வேண்டுமானாலும் தொகுப்பு போட்டுவிட முடியாது.

கோயம்புத்தூர் வாசகி: அதிகம் விற்ற தொகுப்பு எது?

அமெரிக்காவில், ஈகிள்ஸ் குழுவின் 1971–75 பாடல் தொகுப்பு. 1976 பிப்ரவரியில் வந்தது. பத்து லட்சம் விற்றால் அங்கே தரும் பிளாட்டினம் தகுதியைப் பெற்ற முதல் ஆல்பமே அதுதான். 2018 கணக்கின்படி 3 கோடியே 80 லட்சம் பிரதி. அந்தக் குழுவின் பெயரைச் சொன்னதும் எல்லோருக்கும் நினைவு வருகிற ‘ஹோட்டல் கலிபோர்னியா’ அதில் கிடையாது. அந்தப் பாட்டு வந்தது தொகுப்புக்குப் பின்னால்தான்.

புதுச்சேரி வாசகர்: பல பாடகர்களின் புதுப் பாட்டுகளைச் சேர்த்து வெளியிடும் ‘நவ்’ தொகுப்புகளை என் மகன் லண்டனிலிருந்து கொண்டு வந்தான். வெவ்வேறு கம்பெனிகளின் பாட்டு ஒரே தட்டில் இருக்கிறதே, அங்கே மட்டும் எப்படி?

கம்பெனிகளே கைகோத்துக்கொண்டதால். 70களில் இங்கிலாந்தில் கே-டெல், ரோன்கோ போன்றவர்கள் பல கம்பெனிகளிடம் பாட்டுகளை வாங்கித் தொகுத்து, தொலைக்காட்சியில் விளம்பரம் செய்து நன்றாகச் சம்பாதித்தார்கள். நம் பாட்டை நாமே தொகுத்து விற்கலாமே என்று வர்ஜினும் ஈ.எம்.ஐ.யும் சேர்ந்து 1983 நவம்பரில் முதல் ‘நவ்’ தொகுப்பை வெளியிட்டன. இரட்டை எல்.பி., 30 பாட்டு. அவற்றில் 11 அங்கே விற்பனைப் பட்டியலில் முதலிடம் பிடித்தவை. பெயர் வந்தது ஒரு பழைய டென்மார்க் பன்றியிறைச்சி விளம்பரச் சுவரொட்டியிலிருந்து: கோழி பாடுகிறது, பன்றி ரசிக்கிறது, கூடவே ‘நவ், தட்ஸ் வாட் ஐ கால் மியூசிக்’ (இதுதான் இசை!) என்ற வாசகம். தொகுப்பின் முழுப் பெயரும் அதுதான். வர்ஜின் முதலாளி ரிச்சர்ட் பிரான்சன் அதை வாங்கி, தன் கம்பெனியை நடத்திய உறவினர் சைமன் டிரேப்பரின் அறையில் மாட்டியிருந்தார்.

இந்தத் தொகுப்புகள் விற்ற வேகத்தில் தனிப் பாடகர்களின் ஆல்பங்கள் பட்டியலின் உச்சிக்கு ஏற முடியாமல் தவித்தன. அதனால் 1989 ஜனவரியிலிருந்து பலர் பாடிய தொகுப்புகளுக்கு அங்கே தனிப் பட்டியல் போட்டார்கள். அது நியாயமான முடிவு.

புதுக்கோட்டை வாசகர்: என்னிடம் உள்ள 45 சுழற்சி இ.பி. என்கிற சிறிய தட்டில் ஒரு பாட்டு கணீரென்று கேட்கிறது. அதே பாட்டு தொகுப்பு எல்.பி.யில் சோகையாக இருக்கிறது. ஊசி கெட்டுவிட்டதா?

ஊசி நன்றாகத்தான் இருக்கும். எல்.பி.யின் ஒரு பக்கத்தில் இருபது, இருபத்திரண்டு நிமிடம் தாராளமாக அடங்கும். தொகுப்பில் நிறையப் பாட்டு கொடுக்க வேண்டும் என்று அதற்கு மேல் திணித்தால், வரிப்பள்ளங்களை நெருக்கி வெட்ட வேண்டும். நெருக்கி வெட்டினால் ஒலி அளவைக் குறைத்தாக வேண்டும். அதிலும் தபேலா, பேஸ் கிதார் போன்ற கனத்த ஒலிகள்தான் பள்ளத்தில் அதிக இடம் பிடிக்கும் என்பதால் முதல் வெட்டு அவற்றுக்கே. போதாதற்கு 45 சுழற்சித் தட்டில் ஊசிக்கு அடியில் பள்ளம் வேகமாக ஓடுவதால் மேல் சுரங்களும் தெளிவாக வரும். சில தொகுப்புகளில் கடைசிச் சரணத்தையே மங்கலாக்கி முடித்திருப்பார்கள். இரண்டையும் அடுத்தடுத்துப் போட்டுக் கேளுங்கள். இ.பி.யை விற்றுவிடாதீர்கள்.

தஞ்சாவூர் வாசகர்: தொகுப்பு கேசட்டுகளில் நடிகர் படம் பெரிதாக இருக்கும், கவிஞர் பெயர் இருக்காது. இன்னும் சிலவற்றில் அட்டையில் பிரபல பாடகர், உள்ளே வேறு குரல். இதைக் கேட்க ஆளே இல்லையா?

இந்தக் கேள்விக்காகவே உங்களுக்கு நன்றி சொல்ல வேண்டும். பெயர் போடாத வழக்கம் கேசட்டுக்கு முன்பே இருந்தது. 1949-இல் ‘மகல்’ இந்திப் படப் பாட்டுத் தட்டில் பாடியவர் ‘காமினி’ என்று அச்சிட்டிருந்தார்கள். அது கதாநாயகியின் பெயர். பாடியவர் லதா மங்கேஷ்கர்! வானொலிக்கு நேயர்கள் எழுதிக் கேட்ட பிறகுதான் பெயர் வெளியே வந்தது. பின்னால் எல்.பி. அட்டையின் பின்பக்கம் விரிவாக இருந்ததால் பாடியவர், இயற்றியவர், இசை மூன்றும் அச்சானது. கேசட்டின் துண்டுத்தாளில் முதலில் பலியானது கவிஞர்தான். பட்டுக்கோட்டையாரின் வரிகளை ‘எம்.ஜி.ஆர். தத்துவப் பாடல்’ என்றே ஒரு தலைமுறை தெரிந்துகொண்டது. எனக்கு இது ஆறாத வருத்தம்.

வேறு குரலில் பாடவைத்து விற்பதற்குச் சட்டத்தில் இடம் உண்டு. ஆனால் 2012 திருத்தத்தின்படி மூலப் பதிவு வந்து 5 வருடம் ஆகியிருக்க வேண்டும். மறுபதிவு என்று அட்டையில் சொல்ல வேண்டும். பாடியவர் யார் என்று வாங்குபவர் ஏமாறும்படி படமோ பெயரோ போடக் கூடாது. அதே திருத்தம்தான் கவிஞருக்கும் இசையமைப்பாளருக்கும் உரிமைத்தொகையில் பங்கு உண்டு, அதை எழுதி வாங்கிப் பறிக்க முடியாது என்றும் சொன்னது. பங்கு போய்ச் சேர வேண்டுமென்றால் முதலில் பெயர் சரியாகப் பதிவாகியிருக்க வேண்டும். பெயர் விட்டுப்போன தொகுப்பை நான் விலை கொடுத்து வாங்குவதில்லை.

கும்பகோணம் வாசகி: மாமனார்–மாமியாருக்குச் சதாபிஷேகம் வருகிறது. அவர்கள் காலத்துப் பாட்டுகளை ஒரு பென் டிரைவில் போட்டுக் கொடுக்க ஆசை. யோசனை சொல்லுங்கள் ஐயா.

நல்ல காரியம் அம்மா. முதலில் அவர்களையே உட்கார வைத்து, ‘கல்யாணமான புதிதில் எந்தப் படம் பார்த்தீர்கள், எந்தத் தியேட்டரில்?’ என்று கேளுங்கள். இணையத்தில் கிடைக்கும் ‘நூறு இனிய பாடல்’ பட்டியல் அந்தப் பதிலுக்கு ஈடாகாது. முப்பது பாட்டுக்கு மேல் வேண்டாம். ஒரே குரலில் மூன்று பாட்டு தொடர்ந்து வரக் கூடாது. இரண்டு சோகப் பாட்டை அடுத்தடுத்து வைக்கக் கூடாது. பதிவுக்குப் பதிவு சத்தம் ஏறி இறங்கும். கணினியில் அதைச் சமன் செய்து கொள்ளுங்கள். இல்லாவிட்டால் மாமனார் பாட்டுக்குப் பாட்டு எழுந்து போய்த் திருக வேண்டியிருக்கும். ஒரு பாட்டு முடிந்து அடுத்தது தொடங்க மூன்று வினாடி விடுங்கள். எண்ணை முன்னால் போட்டுக் கோப்புக்குப் பெயரிட்டால்தான் நீங்கள் வைத்த வரிசையில் பாடும்.

பெரிய எழுத்தில் ஒரு பட்டியலும் அச்சடித்துக் கொடுங்கள்: பாட்டு, படம், ஆண்டு, பாடியவர், இயற்றியவர், இசை. இயற்றியவர் பெயர் எதற்காவது கிடைக்கவில்லை என்றால் எனக்கு எழுதுங்கள், தேடித் தருகிறேன்.