பாட்ரீஷியா ஹேய்ஸும் அவர் காலத்து பிரிட்டிஷ் தொலைக்காட்சியும்: கேள்வி பதில்

1950, 60-களின் பிரிட்டிஷ் தொலைக்காட்சியில் சின்னச் சின்ன வேடங்களில் வந்துபோன குணச்சித்திர நடிகைகளைப் பற்றி, முக்கியமாக பாட்ரீஷியா ஹேய்ஸைப் பற்றி, நீங்கள் அனுப்பிய கேள்விகளில் முடிந்தவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன்.

கேள்வி: பாட்ரீஷியா ஹேய்ஸ் பெயரை இப்போதுதான் கேள்விப்படுகிறேன். சுருக்கமாகச் சொல்லுங்களேன்.

1909 டிசம்பரில் தெற்கு லண்டனில் உள்ள ஸ்ட்ரெத்தமில் பிறந்தவர். ராடா நாடகப் பள்ளியில் படித்து 1928-இல் வெளியே வந்தார். குள்ளமான உருவம், கூர்மையான குரல். கதாநாயகி வாய்ப்பு அந்த உருவத்துக்கு வராது, ஆனால் அந்தக் குரலுக்கு வானொலி இருந்தது. 1943-இல் பிபிசியின் சிறுவர் நிகழ்ச்சியில் தொடங்கிய ஒரு துப்பறியும் தொடரில் நார்மன், ஹென்றி என்று இரண்டு பையன்கள் வருவார்கள். நார்மனாகப் பேசியவர் சார்ல்ஸ் ஹாட்ரி, ஹென்றியாகப் பேசியவர் நம் ஹேய்ஸ். முப்பதைத் தாண்டிய பெண் என்று குரலை வைத்து எந்தக் குழந்தையும் கண்டுபிடித்திருக்க முடியாது. அப்புறம் தொலைக்காட்சி வந்தது. டோனி ஹான்காக், பென்னி ஹில், ஆர்தர் ஆஸ்கி என்று அந்தக் காலத்து நகைச்சுவைக்காரர்கள் பலரோடும் நடித்தார். 1998-இல் காலமானார்.

கேள்வி: அப்போது நிகழ்ச்சிகள் நேரடியாகவே ஒளிபரப்பானதாமே? நடுவில் ஒருவர் வசனத்தை மறந்துவிட்டால் என்ன செய்வார்கள்?

எனக்கு மிகவும் பிடித்த விஷயம் இது, கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

ஒத்திகை பெரும்பாலும் ஸ்டூடியோவில் நடக்காது. தேவாலயத்துக் கூடம் மாதிரி ஏதாவது ஓரிடத்தை வாடகைக்குப் பிடிப்பார்கள். சுவர் எங்கே, கதவு எங்கே என்று தரையில் டேப் ஒட்டிக் காட்டியிருப்பார்கள். அந்தக் கோடுகளுக்குள்ளேயே நாள்கணக்கில் ஒத்திகை. கடைசியில்தான் ஸ்டூடியோவும் கேமராவும். பெரிய பெரிய கேமராக்கள் கேபிளை இழுத்துக்கொண்டு ஒரு செட்டிலிருந்து அடுத்த செட்டுக்கு நகரும். அதே நேரத்தில் நடிகை இருட்டில் ஓடி, உடை மாற்றி, அடுத்த காட்சியில் நிதானமாகத் தேநீர் ஊற்றிக்கொண்டு நிற்க வேண்டும்.

வசனம் மறந்தால் எதிரில் இருப்பவர்தான் காப்பாற்ற வேண்டும். காப்பாற்றத் தெரிந்தவருக்கு அடுத்த வாரமும் வேலை வரும். 1958 நவம்பர் 30-ஆம் தேதி ஆர்ம்சேர் தியேட்டர் என்ற தொலைக்காட்சி நாடக வரிசையில் ஒரு நாடகம் நேரடியாகப் போய்க்கொண்டிருந்தது. அணுகுண்டுக்குத் தப்பியவர்கள் லண்டன் சுரங்க ரயில் பாதையில் சிக்கிக்கொள்ளும் கதை. இரண்டு காட்சிகளுக்கு நடுவில் கேரத் ஜோன்ஸ் என்ற இளம் நடிகர் மாரடைப்பில் இறந்துபோனார். மற்றவர்கள் அவருடைய பகுதியைத் தங்களுக்குள் பகிர்ந்துகொண்டு நாடகத்தை முடித்தார்கள். அன்றைய இயக்குநர் டெட் கோட்செஃப். இந்தப் பெயர் கீழே மறுபடி வரும்.

இன்னொன்று. ஞாயிற்றுக்கிழமை நாடகத்தை வியாழக்கிழமை மறு ஒளிபரப்பு செய்கிறார்கள் என்றால், நடிகர்கள் எல்லோரும் திரும்ப வந்து முதலிலிருந்து நடிப்பார்கள். 1954 டிசம்பரில் பிபிசி ஒளிபரப்பிய 'நைன்டீன் எய்ட்டி-ஃபோர்' நாடகம் அப்படித்தான் இரண்டு முறை நடிக்கப்பட்டது. இன்று நம்மிடம் இருப்பது இரண்டாவது முறை நடித்தது.

கேள்வி: அவருடைய பழைய நிகழ்ச்சிகளை எங்கே பார்க்கலாம்?

நிறைய அழிந்துவிட்டது. நேரடி ஒளிபரப்பில் போனவற்றில் பெரும்பகுதி பதிவே ஆகவில்லை. திரைக்கு எதிரே ஃபிலிம் கேமராவை வைத்துப் படம்பிடித்தவற்றில் கொஞ்சம் மிஞ்சியது. 1958-க்குப் பிறகு வீடியோ நாடா வந்தது, ஆனால் விலை அதிகம் என்பதால் அழித்துவிட்டு அதன் மேலேயே அடுத்ததைப் பதிவு செய்தார்கள். மறு ஒளிபரப்புக்கு ஒப்பந்தத்தில் கட்டுப்பாடு இருந்ததால் வைத்திருந்தும் பயனில்லை என்ற நினைப்பு வேறு. பிபிசியில் இந்த வழக்கம் 70-களின் கடைசி வரை நீடித்தது. ஹான்காக் தொடரின் ஆரம்ப ஆண்டுகளில் பல பகுதிகள் இப்போது இல்லை. பிந்தைய ஆண்டுகளின் பகுதிகள் டிவிடியில் இருக்கின்றன.

கேள்வி: ஒரு இணையதளத்தில் அவர் நடித்த நிகழ்ச்சிகளின் பட்டியல் இருக்கிறது. அதை வைத்து மொத்தம் எத்தனை என்று எண்ணலாமா?

வேண்டாம். சின்ன வேடக்காரர்களின் பெயர் திரையில் வராமலே போனது உண்டு. ரேடியோ டைம்ஸ் இதழின் பழைய பக்கங்களை பிபிசி இணையத்தில் தேடும்படி வைத்திருக்கிறது, அங்கே தொடங்குங்கள். ஆனால் அது முன்கூட்டியே அச்சான அட்டவணை. கடைசி நேரத்தில் ஆள் மாறியிருக்கலாம், நிகழ்ச்சியே தள்ளிப்போயிருக்கலாம். பிபிசிக்குப் போட்டியாக இருந்த தனியார் சேனலான ஐடிவியின் நிகழ்ச்சிகளுக்கு டிவி டைம்ஸ் இதழைப் பார்க்க வேண்டும். இரண்டு இடங்களில் ஒத்துப்போகாத எதையும் எண்ணிக்கையில் சேர்க்காதீர்கள்.

கேள்வி: கோரனேஷன் ஸ்ட்ரீட் என்ற நெடுந்தொடரில் நடித்த வயலட் கார்சனும் இதே வகையா?

ஓரளவு. அவரும் வானொலியிலிருந்து வந்தவர்தான், வில்ஃப்ரெட் பிக்கிள்ஸின் நிகழ்ச்சியில் பியானோ வாசித்தவர். 1960 டிசம்பரில் ஈனா ஷார்பிள்ஸாகத் தலையில் வலையோடு வந்தபோது வயது 62. ஆனால் அவருக்கு ஒரே பாத்திரம் நிலைத்துவிட்டது. ஹேய்ஸுக்கு வாரத்துக்கு ஒரு முகம்.

கேள்வி: 1971-இல் எட்னாவாக நடித்து விருது வாங்கினார். அதற்கு முன் இருபது வருடம் வேலைக்காரி, பக்கத்து வீட்டுக்காரி என்று போட்டு அவரை வீணடித்துவிட்டார்கள், சரிதானே?

சரியில்லை. இதை எத்தனையோ பேர் எழுதிவிட்டார்கள், எனக்கு ஒவ்வொரு முறையும் வருத்தமாக இருக்கிறது.

விஷயம் தெரியாதவர்களுக்கு: 'எட்னா, த இனெப்ரியேட் உமன்' பிபிசியின் ப்ளே ஃபார் டுடே வரிசையில் 1971 அக்டோபர் 21 அன்று வந்தது. எழுதியவர் ஜெரமி சான்ஃபோர்ட், இயக்கியவர் மேலே சொன்ன அதே டெட் கோட்செஃப். வீடில்லாத, குடிப்பழக்கமுள்ள ஒரு வயதான பெண் விடுதி, மருத்துவமனை, சிறை என்று அலைகிறாள். அதற்காக அந்த ஆண்டின் சிறந்த தொலைக்காட்சி நடிகை விருது ஹேய்ஸுக்குக் கிடைத்தது. அப்போது அவருக்கு 61 வயது.

அந்த நடிப்பு எங்கிருந்து வந்தது? ஹான்காக் தொடரில் திருமதி க்ரவாட் என்ற வேலைக்காரியாக வருவார். அரங்கில் பார்வையாளர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். சிரிப்பு எழும்பும்போது அடுத்த வரியைச் சொன்னால் யாருக்கும் கேட்காது. முழுதாக அடங்கும்வரை காத்திருந்தால் காட்சி தொய்ந்துவிடும். சிரிப்பு இறங்கத் தொடங்கும் அந்த நொடியில் வாயைத் திறக்க வேண்டும். அதுவரை முகத்தை அந்தப் பாத்திரமாகவே வைத்திருக்க வேண்டும், தானும் சிரித்துவிடக் கூடாது. இதைத்தான் அவர் இத்தனை வருடம் செய்தார். எட்னா கெஞ்சாமல், பரிதாபம் தேடாமல் நிற்கிறாளே, அந்தக் கட்டுப்பாடு நகைச்சுவையில் பழகியது.

அதே நண்பர்: அப்படியென்றால் ஏன் முன்பே பெரிய வேடம் கொடுக்கவில்லை? திறமை இருந்ததே!

பெரிய வேடம் கொடுத்திருக்க வேண்டும் என்பதில் எனக்கும் உங்களோடு சண்டை இல்லை. நடுத்தர வயதுப் பெண்ணை மையமாக வைத்து எழுதியவர்கள் மிகக் குறைவு, அது எழுதியவர்களின் குறை. நான் மறுப்பது 'வீண்' என்ற வார்த்தையை. ஹான்காக்கின் பெருமையடிப்பு எடுபட வேண்டுமானால் அதை மதிக்காத ஒருவர் எதிரில் இருக்க வேண்டும். அவரை எடுத்துவிட்டால் காட்சியே இல்லை.

இன்னொருவர்: எல்லாம் அதிர்ஷ்டம்தான். கிரெட்சன் ஃப்ராங்க்ளினைப் பாருங்கள்.

நல்ல உதாரணம், ஆனால் முழுக் கதையையும் சொல்லுங்கள். 'டில் டெத் அஸ் டூ பார்ட்' என்ற நகைச்சுவை 1965-இல் ஒரே ஒரு சோதனைப் பகுதியாக வந்தபோது கதாநாயகன் வாரன் மிட்செலின் மனைவியாக நடித்தவர் ஃப்ராங்க்ளின். அடுத்த ஆண்டு அது தொடரானபோது மேடை நாடக ஒப்பந்தத்தில் இருந்ததால் வர முடியவில்லை. வேடம் டேண்டி நிக்கல்ஸுக்குப் போனது, நாடு முழுவதும் தெரிந்த முகமாகிவிட்டார். ஃப்ராங்க்ளின் அதோடு ஓய்ந்துவிடவில்லை. 1985-இல் ஈஸ்ட்எண்டர்ஸ் என்ற நெடுந்தொடர் தொடங்கியபோது எத்தல் என்ற பாத்திரமாக வந்து மக்கள் மனதில் இடம் பிடித்தார். எழுபதைக் கடந்த நடிகையை நம்பி வேடம் கொடுத்தார்கள் என்றால், இடைப்பட்ட வருடங்களில் அவர் விடாமல் நடித்துக்கொண்டிருந்ததும் அதற்கு ஒரு காரணம். அதிர்ஷ்டம் கதவைத் திறக்கலாம். உள்ளே போய் நிற்கத் தெரிய வேண்டுமே?

'டில் டெத் அஸ் டூ பார்ட்' தொடரில் 70-களில் 'மின்' என்ற பக்கத்து வீட்டுக்காரியாக வந்தவர் யார் தெரியுமா? எட்னாவுக்கு விருது வாங்கிவிட்டு வந்த ஹேய்ஸ். மறுபடியும் பக்கத்து வீட்டுக்காரி வேடம்தான். அவர் அதைக் குறைவாக நினைத்திருந்தால் அத்தனை உயிரோடு நடித்திருக்க முடியாது.

கேள்வி: பழைய பகுதிகள் யூடியூபில் முழுதாகக் கிடைக்குமா?

மேலே சொல்லிவிட்டேன். அழிந்தது அழிந்ததுதான்.

கேள்வி: டாக்டர் ஹூ என்ற அறிவியல் புனைகதைத் தொடரில் காணாமல் போன பகுதிகள் பற்றி?

அதற்கென்றே வாழ்கிறவர்கள் இருக்கிறார்கள், அவர்களிடம் கேளுங்கள்.

கேள்வி: இணையப் பட்டியலில் ஹேய்ஸ் பெயர் இருக்கும் ஒரு நிகழ்ச்சியில் அவரைக் காணவில்லை. நான் சரியாகப் பார்க்கவில்லையா?

நீங்கள் சரியாகத்தான் பார்த்திருப்பீர்கள். பட்டியலை நம்பாதீர்கள் என்று அதற்காகத்தான் சொன்னேன். பத்திரிகையில் அச்சான பெயர், திரையில் வந்த பெயர், கண்ணால் பார்த்த முகம், மூன்றும் ஒத்துப்போக வேண்டும்.

கேள்வி: எட்னாவைப் பார்க்க மனம் கனமாக இருக்கும் போலிருக்கிறதே. அவரை வேறு எதில் பார்க்கலாம்?

'எ ஃபிஷ் கால்டு வாண்டா', 1988. அதில் நாய்களோடு வரும் கிழவி திருமதி கோடி அவர்தான். வசனம் அதிகம் இல்லை. 'த நெவர்எண்டிங் ஸ்டோரி'யில் குள்ளக் கிழவி அர்கல். குழந்தைகளோடு பார்க்கலாம். ஆனால் அதற்குப் பிறகு எட்னாவையும் பாருங்கள், தள்ளிப்போடாதீர்கள்.