பையன் பேக்ல கத்தி இருந்துச்சு, இப்ப என்ன பண்றது?

திருப்பூர்ல இருந்து ஒரு அக்கா கேட்டிருக்காங்க. அவங்களும் ஊட்டுக்காரரும் பனியன் கம்பெனில ஒன்றரை ஷிப்ட் பாக்கறவங்க, பையன் ப்ளஸ் ஒன், 16 வயசு. டிபன் பாக்ஸ் எடுக்கலாம்னு ஸ்கூல் பேகத் தொறந்தா அடியில கர்ச்சீப்புல சுத்தி ஒரு மடக்குக் கத்தி. "அவன்கிட்ட கேக்கவே பயமா இருக்குதுங்க சார், அவங்கப்பாகிட்ட சொன்னா தோல உரிச்சுப் போடுவாரு, ஸ்கூல்ல சொன்னா டிசி குடுத்துருவாங்க, போலீசுன்னா அவன் வாழ்க்கையே போயிரும், பேசாம ஈரோட்டுல என்ற தம்பி ஊட்டுக்கு அனுப்பிச்சுரலாமான்னு இருக்கேன், அவன் ரௌடியாயிட்டானுங்களா?"

இல்லீங்க அக்கா, பெரும்பாலும் இல்ல. ஜேஜே போர்டுல, அதாவது சிறார் நீதிக் குழுமத்துல, சமூகப் பணி உறுப்பினரா உக்காந்திருந்தவன்ங்கற மொறைல சொல்றேன், கத்தி வெச்சிருந்த பசங்ககிட்ட ஏன்டா வெச்சிருந்தேன்னு கேட்டா முக்காவாசிப்பேரு சொல்றது ஒரே பதில்தான், "சேஃப்டிக்குங்க சார்". அது சால்ஜாப்பு இல்லீங்க, நெசமாவே அப்படித்தான் நெனைக்கறானுங்க. எவனோ ஒருத்தன் பஸ் ஸ்டாண்டுல மொறைச்சிருப்பான், இன்ஸ்டால கமெண்ட்டுல கெட்ட வார்த்தை போட்டிருப்பான், இல்ல "தனியா சிக்குடா பாத்துக்கறேன்"னு ஒரு வாய்ஸ் மெசேஜ் வந்திருக்கும், நமக்கு அது சில்லறை விசயம், அவனுக்கு ராத்திரி தூக்கம் வராது. பெத்தவங்ககிட்டச் சொன்னா திட்டு விழுகும், வாத்தியாருகிட்டச் சொன்னா போட்டுக்குடுத்தவன்ங்கற பேரு வந்துரும், அப்ப அவனுக்குத் தெரிஞ்ச ஒரே வழி கத்தி.

சிக்கல் என்னன்னா அவன் பயந்துக்கிட்டு வெச்சிருக்கறது தெரிஞ்சா எதிராளியும் பயந்து ஒண்ணு வெச்சுக்குவான். இப்ப ரெண்டு பேக்ல ரெண்டு கத்தி ஆயிப்போச்சு. கத்தி இல்லாட்டி சட்டையப் புடிச்சு ரெண்டு அறையோட முடிஞ்சிருக்க வேண்டிய தகராறு, கை பேக்குக்குள்ள போற அந்த அஞ்சு செகண்டுல ஒருத்தன் ஆஸ்பத்திரிக்கும் ஒருத்தன் கூர்நோக்கு இல்லத்துக்கும் போற மாதிரி ஆயிருது. எந்த ஊர்ல பாத்தாலும் கத்தி வெச்சிருக்கறவன்தான் குத்து வாங்கறதுக்கும் வாய்ப்பு எச்சா இருக்கறவன், குத்தறவன் கூட்டம் வேற குத்து வாங்கறவன் கூட்டம் வேறன்னு பிரிச்சுப் பாக்கவே முடியாது.

எவ்வளவு பெரிய பிரச்சனைங்கறதையும் சொல்லிடறேன், ஏன்னா வாட்ஸ்அப்ல வர்றதப் பாத்தா எல்லாப் பசங்களும் கொடுவாளோட திரியறாப்பல இருக்கும். தேசிய குற்ற ஆவணக் காப்பகத்தோட 2023 கணக்குல நாடு முச்சூடும் 18 வயசுக்குக் கீழ உள்ளவங்க மேல பதிவான கேஸ் 31,365, பிடிபட்டவங்க 40,036 பேரு. திருட்டு, அடிதடி எல்லாம் சேந்த கணக்கு இது, கத்தின்னு தனியா ஒரு கட்டம் அதுல கிடையாது. 140 கோடி ஜனத்துல இது கம்மிதான். ஆனா அந்த 40,036-ல 31,610 பேரு, அதாவது நூத்துக்கு 79 பேரு, 16-ல இருந்து 18-க்குள்ள உள்ளவங்க. உங்க பையன் நிக்கறது கரெக்டா அந்த வாசப்படியில. அதே வருசம் நாட்டுல நடந்த 27,721 கொலைல 9,209-க்குக் காரணம்னு எழுதியிருக்கறது 'தகராறு'. பணத்துக்காகன்னு எழுதியிருக்கறதெல்லாம் அதுல கால்பங்கு கூட வராது. தெரிஞ்சவனுக்கும் தெரிஞ்சவனுக்கும் நடுவுல வர்ற வாய்த்தகராறுதான் ஆளக் கொல்லுது, சினிமால வர்ற மாதிரி கூலிப்படையும் கடத்தலும் இல்ல.

நம்ம பக்கம் ஒரு பேச்சு உண்டு, அருவாக் கலாச்சாரமெல்லாம் தெக்க, கொங்கு நாட்டுல மரியாதையான சனம்னு. 2023 ஆகஸ்ட்ல நாங்குநேரில கூடப் படிக்கற பசங்களே ஒரு பையன ஊடு பூந்து வெட்டுனானுங்க, சாதிதான் காரணம், அதுக்கப்பறம்தான் ஸ்கூல்ல சாதிச் சண்டையத் தடுக்க வழி சொல்லச் சொல்லி நீதிபதி சந்துரு கமிட்டி போட்டாங்க, 2024 ஜூன்ல அறிக்கை வந்துச்சு, கைல கலர் கயிறு கட்டறதத் தடுக்கணும்னெல்லாம் அதுல இருக்குது. 2025 ஏப்ரல்ல பாளையங்கோட்டைல எட்டாவது படிக்கற பையன் கிளாஸ் ரூம்லயே அருவாள எடுத்தான், தடுக்கப் போன டீச்சருக்கும் வெட்டு. இதெல்லாம் தெக்க நடந்ததுதான், சரி. 2016 மார்ச்ல பட்டப்பகல்ல உடுமலை பஸ் ஸ்டாண்டுல சாதி மாறிக் கல்யாணம் பண்ணுன சங்கர வெட்டிக் கொன்னது எந்த ஊருங்க? 2023 பிப்ரவரில கோயமுத்தூர் கோர்ட்டுக்குப் பக்கத்துலயே ஓட ஓட வெட்டுனாங்களே, அதுக்கப்பறம் போலீஸ் உக்காந்து இன்ஸ்டால கத்தியோட ரீல்ஸ் போடற பசங்களத் தேடிப் புடிச்சாங்களே, அது எந்த ஊரு? வேலைக்கு வந்த தெக்கத்திக்காரன், வடக்கத்திக்காரன் மேல பழியப் போட்டுட்டா நம்ம ஊட்டுப் பேகத் தொறந்து பாக்க மாட்டோம், அதனாலதான் சொல்றேன்.

கத்திக் குத்த வெச்சு எச்சா ஆராய்ச்சி பண்ணுனது இங்கிலாந்துலதாங்க, அங்க அது பெரிய தலைவலி. இங்கிலாந்து, வேல்ஸ் ரெண்டும் சேந்து இப்பவெல்லாம் வருசத்துக்குச் சுமாரா 50,000 கத்திக் குற்றம் பதிவாகுது, அங்க நடக்கற கொலைல பத்துக்கு நாலு கத்தியால. லண்டன்ல ஒரு பெரிய ஆஸ்பத்திரில 2004-ல இருந்து 2014 வரைக்கும் குத்துப்பட்டு வந்த 25 வயசுக்குக் கீழ உள்ள 1,824 பேரோட கணக்க எடுத்துப் பாத்தாங்க. பெரிய பசங்க பெரும்பாலும் நடுராத்திரில குத்து வாங்கறான், ஆனா 16 வயசுக்குக் கீழ உள்ளவனுக்குக் குத்து விழுகறது எச்சா சாயந்தரம் 4 மணிக்கும் 6 மணிக்கும் நடுவுல, ஸ்கூல் விட்டு ஊட்டுக்குப் போற வழியில. பாதிக்கு மேல வசதி இல்லாத ஏரியாப் பசங்க. இதப் படிக்கறப்ப எனக்கு ஞாபகத்துக்கு வந்தது நம்ம திருப்பூர்தான். இங்க ஸ்கூல் நாலே கால் வாக்குல விடுது, ஒன்றரை ஷிப்ட் முடிஞ்சு அப்பா அம்மா லைன் ஊட்டுக்கு வந்து சேர ஒம்பது ஆயிருது. பள்ளிபாளையத்துல தறிக்குப் போறவங்க ஊட்லயும் இதே கதைதான். அந்த நாலே முக்கால் மணி நேரம் பையன் யாரோட இருக்கறான்? இதக் குத்தஞ்சொல்றதுக்காகக் கேக்கலீங்க அக்கா, ஓவர்டைம் பாக்காட்டி வாடகை குடுக்க முடியாதுன்னு எனக்குத் தெரியும். பிரச்சனை எந்த நேரத்துல, எந்த வழியில இருக்குதுன்னு தேடறதுக்குத்தான் சொல்றேன்.

பயத்துக்கு வெச்சிருக்கறவன் போக இன்னொரு ரகம், பந்தாவுக்கு. பொறந்த நாளுக்கு பட்டாக்கத்தில கேக் வெட்டி ஸ்டேட்டஸ் போடறவன், சாதிப் பேர பைக்ல ஒட்டிக்கிட்டு நோம்பிக்கு நோம்பி ஆட்டத்துல எடம் புடிக்கற தகராறு பண்றவன். இவனுக்குக் கூட்டம் வேணும், நாலு பேரு பாக்காட்டி இவன் கத்தியே எடுக்க மாட்டான். மூணாவது, கஞ்சா, வலி மாத்திரைன்னு யாராவது பெரியவன் கைக்கு எடுபுடியாப் போயிருக்கறது. இது கம்மி, ஆனா இருந்தா நீங்க தனியாச் சமாளிக்கக் கூடாது. கணக்கில்லாம காசு வருதா, புது போன் எப்படி வந்துச்சு, ஸ்கூலுக்குப் போறேன்னுட்டு எங்க போறான், ரெண்டாவது சிம் இருக்குதா, இதயெல்லாம் சித்த கவனிங்க.

சரி, கேக்கறது எப்படி? கத்திய எடுத்து வெச்சுக்கங்க, திரும்ப பேக்குல வெக்காதீங்க. அவங்கப்பா இல்லாத நேரமாப் பாத்து, சோறு போட்டு, அவன் சாப்பிட்டு முடிச்சதுக்கப்பறம் பேச்ச எடுங்க. "எதுக்குடா கத்தி"ன்னு ஆரம்பிச்சா "என்னோடது இல்ல, ஃப்ரெண்டு குடுத்தான்"னு பொய்தான் வரும், அங்கியே கதவச் சாத்திக்குவான். "கண்ணு, நான் பேக்குல பாத்துட்டேன், கோவம் இல்ல, நீ யாருக்குப் பயப்படறே?" அப்படிக் கேளுங்க. பேகத் தொறந்ததுக்கு அவன் கத்துனா கத்தட்டும், பதிலுக்குக் கத்தாதீங்க. அன்னைக்கே சொல்லாட்டி அடுத்த நாளு மறுபடி. ஸ்கூலுக்கு வேற ரூட்ல போறானா, பஸ்ஸ விட்டுட்டு நடந்து வர்றானா, திடீர்னு வவுத்து வலின்னு லீவு போடறானா, அதெல்லாமே பதில்தான். ஆனா "அவன இன்னைக்கு விடமாட்டேன்"ங்கற மாதிரி ஆளு பேரு, நாளு, எடம் வாய்ல வந்துச்சுன்னா அதுக்கு மேல ரோசனையே வேண்டாம், அன்னைக்கு ஸ்கூலுக்கு அனுப்பாதீங்க, பக்கத்துலயே இருங்க, அந்தப் பையன் ஊட்டுக்கும் ஹெட்மாஸ்டருக்கும் உடனே தகவல் போகணும்.

கத்தில ரத்தக்கறையாட்ட ஏதாச்சும் தெரிஞ்சா மட்டும் கழுவாதீங்க, நொய்யல்ல வீசிடலாம்னும் நெனைக்காதீங்க. சாட்சியத்த அழிச்சதா உங்க மேலயே பிஎன்எஸ், அதாவது பழைய ஐபிசிக்குப் பதிலா வந்த குற்றவியல் சட்டம், 238-ஆம் பிரிவுல கேஸ் வரும். மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுல இலவசமா வக்கீல் கெடைப்பாங்க, 15100-க்கு போன் பண்ணுங்க, வக்கீலோடதான் அடுத்த அடி.

டிசி பயம் நெசமான பயந்தானுங்க, சில ஸ்கூல்ல விசாரிக்காமயே கையில குடுத்து அனுப்பிடறாங்க. அதனால நான் சொல்றது, கத்திப் பேச்ச மொதல்ல எடுக்காதீங்க, மிரட்டல் பேச்ச எடுங்க. என்ற பையன இன்னார் மிரட்டறாங்க, இந்த எடத்துல, இந்த நேரத்துல, மெசேஜ் ஸ்கிரீன்ஷாட் இதுன்னு ஹெட்மாஸ்டருக்கு எழுத்துல குடுத்து, ஒரு காப்பில கையெழுத்து வாங்கிக்குங்க. அப்பறம் நடவடிக்கை எடுக்க வேண்டியது அவங்க பொறுப்பு. நம்பற மாதிரி ஒரு வாத்தியார் இருந்தா, பிடி வாத்தியாரா இருந்தாலும் சரி, அவருகிட்ட மட்டும் முழுசாச் சொல்லலாம்.

சட்டத்துல பசங்களுக்குத் தெரியாதது எச்சா. ஆயுதச் சட்ட விதில 9 அங்குலத்துக்கு மேல நீளம், இல்ல 2 அங்குலத்துக்கு மேல அகலம் உள்ள கத்திதான் ஆயுதக் கணக்குல வரும், ஊட்டு வேலைக்கும் காட்டு வேலைக்கும் செஞ்சதுக்கு விலக்கு இருக்குது. ஆனா சின்னக் கத்தில குத்துனாலும் குத்துதான், பிஎன்எஸ் 118-ல 3 வருசம் வரைக்கும், கொடுங்காயம்னா ஒரு வருசத்துக்குக் கொறையாம ஆயுள் வரைக்கும் போகும். அதவிட முக்கியம், "நான் சும்மா கூடத்தானுங்க போனேன், பைக் மட்டுந்தான் ஓட்டுனேன்"ங்கறது. ஒரே எண்ணத்தோட போனா குத்துனவனுக்கு என்னவோ அதேதான் கூடப் போனவனுக்கும், பிஎன்எஸ் 3(5) பிரிவு. போர்டுல அழுகறதுல பாதிப்பேரு இந்தக் கூடப் போனவனுங்கதான்.

18 ஆகாத பையனப் போலீஸ் புடிச்சா லாக்கப்புல வெக்கக் கூடாது, விலங்கு மாட்டக் கூடாது, 24 மணி நேரத்துல ஜேஜே போர்டு முன்னாடி நிறுத்தணும், பேரு போட்டோ பேப்பர்ல வரக் கூடாது. சட்டப்படி ஜாமீன்தான் பொதுவிதி. போர்டுல முடிஞ்ச கேஸ் பின்னாடி வேலைக்குத் தடையா வரக் கூடாதுன்னும் சிறார் நீதிச் சட்டத்தோட 24-ஆம் பிரிவு சொல்லுது. ஆனா கொலைன்னு ஆயிட்டா 16 வயசு முடிஞ்சவன ஆரம்ப மதிப்பீடு பண்ணி, அதாவது செஞ்சதோட விளைவு புரியற பக்குவம் இருந்துச்சான்னு போர்டு பாத்து, பெரியவங்களாட்ட விசாரிக்கறதுக்கு அனுப்பலாம், அப்ப இந்தப் பாதுகாப்புல பாதி போயிரும். உங்க பையன் இப்ப குத்தம் எதுவும் செய்யல, அதனால போலீஸ் ஸ்டேசன் வாசல் மிதிக்க வேண்டியதில்ல, வெளி ஆளு மிரட்டறான்னா மட்டும் ஸ்டேசன்ல குழந்தைகள் நல அலுவலர்னு ஒருத்தர் இருப்பாரு, அவரக் கேட்டு வாங்கிப் பேசுங்க. 1098 குழந்தைகள் உதவி எண், மனசு சம்பந்தமாப் பேச 14416.

இன்னொண்ணும் பையன்கிட்டச் சொல்லுங்க, "தொடைல குத்துனா சாக மாட்டான், சும்மா பயமுறுத்த"ன்னு பசங்க நடுவுல ஒரு நம்பிக்கை. தொடைல ஓடறது பெரிய ரத்தக்கொழாய், அது அறுந்தா ஆம்புலன்ஸ் வர்றதுக்குள்ள சில நிமிசத்துல உசுரு போயிரும். யாருக்காச்சும் குத்து விழுந்து கத்தி உள்ளயே நின்னுச்சுன்னா புடுங்கக் கூடாது, சுத்தித் துணிய வெச்சு பலமா அழுத்திக்கிட்டே 108-க்கு அடிக்கணும்.

அவங்கப்பாகிட்ட மறைக்காதீங்க, ஆனா பையன்கிட்டப் பேசுனதுக்கப்பறம் சொல்லுங்க, அடிக்கக் கூடாதுன்னு மொதல்லயே வாக்கு வாங்கிட்டு. அடி வாங்குனா கத்தி பேக்ல இருந்து கூட்டாளி ஊட்டு மாடிக்குப் போகும், அவ்வளவுதான். ஸ்காட்லாந்துல கிளாஸ்கோ ஊர்ல 2005-ல போலீசே வன்முறையக் கொறைக்கத் தனிப் பிரிவு ஒண்ணு தொறந்து, கத்திய ஒரு வியாதியாட்டப் பாக்கணும்னு முடிவு பண்ணுனாங்க. தண்டனையும் விடல, கூடவே பசங்களுக்கு வேலை, விளையாட்டு, ஆஸ்பத்திரில குத்துப்பட்டுக் கெடக்கறவன்கிட்டப் போய்ப் பேசறதுக்கு ஆளுன்னு பண்ணுனதுல பத்து வருசத்துல ஸ்காட்லாந்துல கொலைக பாதிக்கு மேல கொறஞ்சிருச்சு. நம்ம ஊட்டு அளவுக்கு அது என்னன்னா, சாயந்தரம் நாலரைல இருந்து ஒம்பது வரைக்கும் அவனுக்கு ஒரு எடம். கபடி கிளப்பு, டியூசன், கம்ப்யூட்டர் கிளாஸ், தாய்மாமன் கடை, எதுவா இருந்தாலும் சரி, அவனுக்குப் புடிச்சதா இருக்கணும். முடிஞ்சா உங்கள்ள ஒருத்தர் கொஞ்ச நாளைக்கு ஒரு ஷிப்ட்டோட நிறுத்திக்குங்க, ஒரு மாசமானாலும்.

ஈரோட்டுக்கு அனுப்பறது பத்திக் கேட்டீங்க. மிரட்டல் நெசமா இருந்து, எதிராளி வெளி ஆளா இருந்து, நாலு நாளு சூடு தணியற வரைக்கும்னா அனுப்பலாம், உங்க தம்பிக்கு முழு விசயமும் தெரிஞ்சிருக்கணும். நிரந்தரமா ஸ்கூலே மாத்தறதுன்னா பரிட்சை முடிஞ்சு, அவனையும் உக்கார வெச்சுப் பேசி முடிவு பண்ணுங்க. கேக்காம அனுப்புனா தன்னத் தண்டிச்சு ஓட்டறாங்கன்னுதான் எடுத்துக்குவான், போன் கையில இருக்கற வரைக்கும் திருப்பூர்க் கூட்டமும் அவனோடயே ஈரோட்டுக்கு வந்துரும்.