‘நீங்களே கண்டுபிடியுங்கள்’ என்றதும் வகுப்பு ஏன் சந்தைக்கடை ஆகிறது?

கேள்வி: ஏழாம் வகுப்புக்கு அறிவியல் எடுக்கிறேன். 40 மாணவர்கள், 45 நிமிடப் பாடவேளை. மாணவர் மையக் கற்பித்தல் பற்றிப் பயிற்சியில் கேட்டபோது ஆர்வம் வந்தது. தனி ஊசல் (நூலில் குண்டைக் கட்டி ஆடவிடுவது) பாடத்தை நான் நடத்தாமல், நூலும் இரும்பு நட்டுகளும் கொடுத்து, “ஊசலைப் பற்றி நீங்களே கண்டுபிடியுங்கள்” என்று விட்டேன். ஒரே கூச்சல். குழுவுக்கு ஒருவர் செய்ய, மற்றவர்கள் வேடிக்கை பார்த்தார்கள். மறுநாள் எல்லாவற்றையும் நானே கரும்பலகையில் எழுதிப்போட வேண்டியதாயிற்று. பெரிய வகுப்புக்கு இந்த முறை ஒத்துவராதா?

பதில்: ஒத்துவரும். உங்கள் மாணவர்களிடமும் குறை இல்லை. “ஊசலைப் பற்றி” என்பது ஒரு தலைப்பு. அதில் கேள்வியே இல்லை. எதைத் தேடுகிறோம் என்று தெரியாத குழந்தை விளையாடத்தான் செய்யும்.

தேடிக் கற்பதில் படிகள் உண்டு. பாஞ்சி, பெல் என்ற கல்வியாளர்கள் இருவர் 2008-இல் அதை நான்காகப் பிரித்துக் காட்டினார்கள். முதல் படியில், முடிவு முன்பே தெரிந்த ஒன்றை மாணவர்கள் செய்து சரிபார்க்கிறார்கள். இரண்டாவதில் கேள்வியும் செய்முறையும் ஆசிரியர் தருவது. முடிவு மட்டும் தெரியாது. மூன்றாவதில் கேள்வி மட்டுமே ஆசிரியருடையது. நான்காவதில் கேள்வியும் மாணவர்களுடையது. நீங்கள் நேராக நான்காவதில் ஏறிவிட்டீர்கள். இரண்டாவதில் தொடங்குங்கள். அது தாழ்ந்த படி என்று நினைக்க வேண்டாம். ஒரு வருடம் முழுவதும் அதிலேயே இருந்தாலும் பிள்ளைகள் நிறைய யோசிப்பார்கள். வழிகாட்டல் குறைந்த கற்பித்தல் புதிதாகக் கற்பவர்களுக்கு உதவாது என்று கிர்ஷ்னர், ஸ்வெல்லர், கிளார்க் என்ற ஆய்வாளர்கள் மூவரும் 2006-இல் வாதிட்டார்கள். அதற்கு மறுத்து எழுதியவர்கள்கூட, நல்ல தேடல் வகுப்பில் ஆசிரியரின் துணை நிறைய இருக்கும் என்றுதான் சொன்னார்கள்.

சரி, அதே ஊசல் பாடத்தை இப்படி எடுத்துப் பாருங்கள். கரும்பலகையில் ஒரே ஒரு கேள்வி: “குண்டின் எடையைக் கூட்டினால், ஊசல் ஒரு முறை போய்வர ஆகும் நேரம் மாறுமா?” நூலைத் தொடும் முன் ஒவ்வொருவரும் தன் ஊகத்தை நோட்டில் எழுத வேண்டும். இதை மட்டும் விட்டுவிடாதீர்கள். “எடை கூடினால் வேகமாக ஆடும்” என்று பலர் எழுதுவார்கள். எழுதிவிட்டால் அது சரியா என்று பார்க்கும் ஆவல் தானாக வந்துவிடும், ஓரத்தில் உட்கார்ந்திருப்பவருக்கும்.

நான்கு பேராகப் பத்துக் குழுக்கள். ஒருவர் ஊசலை விட, ஒருவர் எண்ண, ஒருவர் நேரம் பார்க்க, ஒருவர் குறிக்க வேண்டும். ஒவ்வொரு சுற்றிலும் வேலையை மாற்றிக்கொள்ளட்டும். வேடிக்கை பார்க்க யாரும் மிஞ்ச மாட்டார்கள். நூல் நீளம் எல்லோருக்கும் 25 செ.மீ., சிறிய கோணம், 10 அலைவுக்கு, அதாவது பத்து முறை போய்வர, ஆகும் நேரம். ஒரு நட்டு, அப்புறம் இரண்டு, அப்புறம் மூன்று. எத்தனை நட்டு என்றாலும் கிட்டத்தட்ட 10 விநாடிதான் வரும்.

இரண்டு இடங்களில் பிள்ளைகள் தடுக்கி விழுவார்கள். நட்டுகளை ஒன்றன்கீழ் ஒன்றாகக் கட்டினால் ஊசலின் நீளமும் கூடிவிடும். எல்லாவற்றையும் ஒரே கொக்கியில் மாட்டச் சொல்லுங்கள். அடுத்தது, ஊசலை விடும்போதே “ஒன்று” என்று எண்ணத் தொடங்குவது. பூஜ்யத்தில் தொடங்காததால் உண்மையில் 9 அலைவுதான் ஆகியிருக்கும். நேரம் 9 விநாடி என்று வரும். முதலாவதை முன்கூட்டியே சொல்லிவிடலாம். இரண்டாவதை நான் சொல்ல மாட்டேன். பத்துக் குழுக்களின் எண்களையும் கரும்பலகையில் எழுதினால், 9 மட்டும் தனியாகத் துருத்திக்கொண்டு நிற்கும். “இவர்களுக்கு மட்டும் ஏன் குறைகிறது?” என்று வகுப்பைக் கேளுங்கள். அந்தக் குழு மறுபடி எண்ணிக் காட்டட்டும். தவறு எங்கே என்று பிள்ளைகளே பிடிக்கும் அந்த ஐந்து நிமிடம்தான் இந்தப் பாடத்தின் உயிர். அதற்கு நேரம் இல்லாவிட்டால் மூன்று நட்டு அளவீட்டைக்கூட விட்டுவிடலாம்.

கேள்வி கேட்டபின் காத்திருங்கள். ஆசிரியர்கள் சராசரியாக 1 விநாடிதான் காத்திருக்கிறார்கள் என்று மேரி பட் ரோ என்ற ஆய்வாளர் கண்டார். அதை 3 விநாடியாக நீட்டியபோது பதில்கள் நீளமாயின, “தெரியாது” குறைந்தது, வழக்கமாகப் பேசாத பிள்ளைகளும் பேசினார்கள். அந்த மௌனம் முதலில் சங்கடமாக இருக்கும். மனதுக்குள் எண்ணிக்கொள்ளுங்கள்.

பாடத்திட்டம் முடியாதே என்ற கவலை நியாயமானது. எல்லாப் பாடத்தையும் இப்படி எடுக்க வேண்டியதில்லை. பெயர்கள், அலகுகள், குறியீடுகள், ஆய்வகப் பாதுகாப்பு இவற்றையெல்லாம் நேரடியாகச் சொல்லிவிடுங்கள். பிள்ளைகள் பொதுவாகத் தவறாக நினைத்திருக்கும் இடத்தை மட்டும் தேடலுக்கு வையுங்கள். ஒரு பாடப்பகுதிக்கு ஒன்று போதும்.

மணி அடிக்க ஐந்து நிமிடம் இருக்கும்போது துண்டுச்சீட்டு கொடுத்து இரண்டு வரி எழுதச் சொல்லுங்கள்: எடை கூடியபோது நேரம் மாறியதா? எப்படிச் சொல்கிறாய்? எண்களைக் காட்டி எழுதியவை, பதிலை மட்டும் எழுதியவை, இன்னும் “எடை கூடினால் வேகம்தான்” என்பவை என்று சீட்டுகளைப் பிரித்துவிட்டால் மறுநாள் எங்கே தொடங்குவது என்று தெரிந்துவிடும். மூன்றாவது வகையில் எழுதியவர்களை முன்னால் அழைத்து, ஒரே நீளமுள்ள இரண்டு ஊசல்களைப் பக்கத்தில் பக்கத்தில் கட்டி, ஒன்றில் ஒரு நட்டும் மற்றதில் மூன்று நட்டும் மாட்டி, இரண்டையும் ஒன்றாக விடச் சொல்லுங்கள். அதன்பிறகு நூலின் நீளத்தை 1 மீட்டராக்கினால் என்ன ஆகும் என்ற அடுத்த கேள்விக்குப் போகலாம்.