வழிகாட்டியோடு நடக்கலாமா, தனியாகச் சுற்றலாமா?

கேள்வி: சிகாகோ போகிறேன். கட்டடங்களையும் சிற்பங்களையும் பார்க்க வழிகாட்டி அவசியமா, நானே சுற்றினால் போதாதா?

பதில்: முதல் நாள் மட்டும் வழிகாட்டியோடு போங்கள். மொனாட்நாக் கட்டடத்தைத் தனியாகப் பார்த்தால் ஏதோ பழைய செங்கல் கட்டடம் என்று தாண்டிப் போய்விடுவீர்கள். 1891-இல் முடிந்த வடக்குப் பாதியில் 16 மாடிப் பாரத்தையும் வெளிச்சுவரே தாங்குவதால் அடியில் அது ஏறக்குறைய 6 அடி கனம், 1893-இல் ஒட்டிக் கட்டிய தெற்குப் பாதிக்குள்ளோ பாரத்தைத் தாங்க எஃகுச் சட்டகம் வந்துவிட்டது என்பதெல்லாம் யாராவது நிறுத்திச் சொன்னால்தான் தெரியும். அப்புறம் டேலி பிளாசாவில் பிக்காசோவின் 50 அடி எஃகுச் சிற்பம், 1967-இல் திறந்தது. தலைப்பே கிடையாது. பெண்ணா, நாயா, குரங்கா? எனக்குப் பெண்தான். இதற்கு வழிகாட்டி வேண்டாம், சும்மா சுற்றிச் சுற்றி வாருங்கள்.