பேய்ப்பட பார்பரா ஸ்டீலுக்கு எம்மி விருதோ? – வாசகர் கேள்வி பதில்

கேள்வி: போனில ஒரு பழைய கறுப்பு வெள்ளை இத்தாலிப் பேய்ப்படம் பாத்தன், பெரிய கண்ணோட ஒரு பொம்பிளை, ரெண்டு நாளா நித்திரையே இல்ல. ஆர் அவ, இத்தாலிக்காரியோ?
– வாசகி, உவர்மலை

பதில்: கண்ணைச் சொன்னதும் விளங்கிட்டுது, பார்பரா ஸ்டீல். தொடக்கத்திலயே ஆணி வச்ச முகமூடியை முகத்தில வச்சு அடிக்கிற சீன் வந்துதோ? அப்ப அது 1960ல இத்தாலி டைரக்டர் மரியோ பாவா எடுத்த 'பிளாக் சண்டே'தான். இங்கிலாந்தில அந்தப் படத்தை 1968 வரைக்கும் ஓட விடேல்ல, அதால நீங்க முழிச்சுக் கிடந்ததில ஒரு குற்றமும் இல்ல. அவ இத்தாலிக்காரி இல்ல, 1937ல இங்கிலாந்தில பேர்கன்ஹெட் எண்ட கப்பல் கட்டுற ஊரில பிறந்தவ. படத்தில வாற சூனியக்காரியும் அவதான், அந்த அப்பாவிப் பெட்டையும் அவதான். ஆனா இங்கிலிஷில நீங்க கேட்ட குரல் மட்டும் வேற ஆளின்ர, டப்பிங். முகம் வேணும், குரல் வேண்டாம் எண்ட கணக்கு.

கேள்வி: அவ பிறகு தயாரிப்பாளரா வந்து அவார்டும் எடுத்தவவாம், கூட்டாளி சொல்லுறான். பேய்க்கு ஆர் காசு குடுத்தது?
– வாசகர், நிலாவெளி

பதில்: கூட்டாளி சொன்னது சரிதான் தம்பி. 60கள் முழுக்க கல்லறை, சவப்பெட்டி, மாளிகை எண்டு இத்தாலியில படம் படமா நடிச்சா, இடையில 1961ல அமெரிக்காவில ரோஜர் கோர்மன் எண்ட டைரக்டரின்ர பேய்ப்படத்தில நடிகர் வின்சென்ட் பிரைஸோட, 1963ல இத்தாலியின்ர பெரிய டைரக்டர் ஃபெலினியின்ர 'எய்ட் அண்ட் எ ஹாஃப்'ல சின்ன வேஷம், ஃபெலினியே கூப்பிட்ட பிறகும் திரும்பத் திரும்ப அவவைத் தேடி வந்தது பேய்தான், எனக்கு அதுதான் ஆத்திரம். 70கள்ல குரோனன்பெர்க், ஜோ டான்டே மாதிரி அப்ப வளந்துவந்த டைரக்டர்மாரின்ர படங்கள்லயும் நடிச்சா, அதெல்லாம் சின்ன வேஷங்கள்.

பிறகுதான் டான் கர்டிஸ் எண்ட அமெரிக்க டைரக்டரோட வேலை. அவர் எடுத்த 'த விண்ட்ஸ் ஆஃப் வோர்' 1983ல டிவியில போனது, அதில இணைத் தயாரிப்பாளர். அதின்ர தொடர்ச்சி 'வோர் அண்ட் ரிமெம்பரன்ஸ்' 1988லயும் 89லயும் போனது, அதில முழுத் தயாரிப்பாளர். காசு போடுற முதலாளி வேலை இல்ல இது, எந்த நாட்டில எப்ப ஷூட்டிங், ஆர் ஆர் வேணும், எதுக்கு எவ்வளவு செலவு எண்டு தலையைப் பிய்க்கிற வேலை. செலவு 100 மில்லியன் டொலருக்கு மேல, யூதரை நாசிகள் கொண்ட அவுஷ்விட்ஸ் முகாமுக்குள்ளயே போய் எடுத்தவை. 1989ல சிறந்த மினி சீரிஸ் (குறுந்தொடர்) எண்டு அமெரிக்க டிவிக்கான எம்மி விருது குடுத்தவை, அதில இவவுக்கும் பங்கு. ரெண்டும் ரெண்டாம் உலகப்போர்க் கதை. 1942 ஏப்ரல் 9ல யப்பான்காரன் திருகோணமலைத் துறைமுகத்தில குண்டு போட்ட கதையை வீட்டில பெரியாக்கள் சொல்லக் கேட்ட எங்கட ஊர்ச்சனம் பேயை விட்டிட்டு இதைப் பாக்கலாம், ஆனா மணிக்கணக்கா ஓடும், டேட்டா பத்திரம்.

இன்னொண்டு, அவார்டுக்குப் பிறகு 1991ல அதே கர்டிஸ் 'டார்க் ஷாடோஸ்' எண்ட இரத்தக்காட்டேரி சீரியலுக்கு இவவைத்தான் கூப்பிட்டார். இந்த முறை காட்டேரி இல்ல, டொக்டர்.

கேள்வி: நான் குறும்படங்கள்ல நடிக்கிறன் அண்ணா. இப்ப ஒரு பேய் வேஷம் கேக்கினம். ஒருக்கா நடிச்சா பிறகும் அதுதான் வருமோ?
– தங்கச்சி, திருக்கடலூர்

பதில்: வரலாம், வடிவா நடிச்சா கட்டாயம் வரும். அதுக்குப் பயந்து வேண்டாம் எண்டு சொல்லாதீங்க, வாற வேஷத்தை விட்டா அடுத்தது எப்ப எண்டு ஆருக்குத் தெரியும். ஆனா ஷூட்டிங் நாளில மேக்கப் போட்டு மூலையில குந்தியிருக்காம ஆக்களைப் பிடிக்கிறது, இடம் கேட்டு அனுமதி எடுக்கிறது, சாப்பாட்டுச் செலவு எழுதுறது எல்லாத்துக்கையும் மூக்கை நுழையுங்க, அடுத்த படத்தை நீங்களே எடுக்கலாம். டப்பிங்கும் நீங்கதான் எண்டதை முதல்லயே பேசி வையுங்க.