வெந்நீர் ஆற்றுக்கு வழிகாட்டி எதற்கு?

அன்புள்ள ஐயா,

வெந்நீர் ஊற்றுகளைப் பற்றி நீங்கள் எழுதியிருந்ததைப் படித்த நாளிலிருந்து எனக்கு அந்த ஆசை. இந்தக் கோடையில் ஐஸ்லாந்து சென்றபோது, குவெராகெர்தி ஊருக்கு மேலே உள்ள ரெய்க்யதாலுர் பள்ளத்தாக்குக்கு வழிகாட்டியுடன் ஒரு நாள் நடைப்பயணத்தில் சேர்ந்துகொண்டேன். வழியெல்லாம் நின்று நின்றுதான் போனோம். முதலில் கண்ணில் பட்ட நீலச் சுனையை நெருங்கவே விடவில்லை. பாதையை விட்டு இரண்டடி விலகினால் கூப்பிட்டுவிடுவார். ஆற்றை அடைந்த பிறகும் தன் கையை நீரில் வைத்துப் பார்த்து, 'இதற்கு மேலே போகாதீர்கள்' என்று ஒரு கல்லைக் காட்டினார். தலையை முக்கக் கூடாது என்றார். கால் மணி நேரம் ஆனதும் எல்லோரையும் கரையேறி உட்காரச் சொன்னார். பள்ளிச் சுற்றுலாவுக்குப் போய் வந்ததுபோல் இருந்தது. இயற்கையோடு தனியாக இருக்கத்தானே இவ்வளவு தூரம் போகிறோம்?

அடுத்த ஆண்டு மனைவியையும் அம்மாவையும் அழைத்துச் செல்ல நினைக்கிறேன். அம்மாவுக்கு 62 வயது, நன்றாக நடப்பார், ரத்த அழுத்தத்துக்கு மட்டும் மாத்திரை சாப்பிடுகிறார். பாதை எனக்கு இப்போது தெரியும், கைபேசியில் வரைபடமும் இருக்கிறது. இந்த முறை வழிகாட்டி வேண்டாம் என்று முடிவு செய்துவிட்டேன். உங்கள் கருத்து என்ன?

உங்கள் வாசகர்

*

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் மனக்குறையில் பாதி எனக்கும் உண்டு. ஒரு பள்ளத்தாக்கில் பதினைந்து பேர் வரிசையாக நடந்துபோய், பதினைந்து பேரும் ஒரே நேரத்தில் ஆடை மாற்றி, ஒரே இடத்தில் இறங்குவதில் ஏதோ ஒன்று விட்டுப்போகிறது. அதைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன். ஆனால் உங்களைத் தடுத்த அந்த மனிதரைப் பற்றி நீங்கள் எழுதியதைப் படிக்கப் படிக்க எனக்கு அவர் மேல் மதிப்புத்தான் கூடியது. அவர் செய்த ஒவ்வொன்றுக்கும் காரணம் இருக்கிறது. அவர் அதை உங்களிடம் விளக்கியிருக்க வேண்டும். அவரிடம் நான் காணும் ஒரே குறை அதுதான்.

நீங்கள் நடந்தது எரிமலையின் மேல். ஹெங்கில் என்ற எரிமலைத் தொகுதியின் ஓரத்தில் இருக்கிறது அந்தப் பள்ளத்தாக்கு. பூமியின் மேலோட்டில் வட அமெரிக்கத் தட்டும் யூரேசியத் தட்டும் ஆண்டுக்கு ஏறத்தாழ 2 சென்டிமீட்டர் வீதம் விலகிக்கொண்டிருக்கும் கோட்டில்தான் ஐஸ்லாந்தே உட்கார்ந்திருக்கிறது. விரிசல்கள் வழியாக மழைநீரும் பனிநீரும் கீழே இறங்கி, சூடான பாறையைத் தொட்டுவிட்டு மேலே வருகின்றன. அதே வெப்பத்தைத்தான் ஹெல்லிஷெய்தி மின்நிலையம் ஆழ்துளைகள் வழியாக எடுத்து ரெய்க்யவிக் நகரின் வீடுகளுக்கு வெந்நீராக அனுப்புகிறது. ஒரு தலைநகரத்தைக் குளிர்காயவைக்கும் அடுப்பின் மேல்தான் நாம் செருப்பைக் கழற்றி வைத்துவிட்டுக் குளிக்கிறோம்.

அந்த அடுப்பு ஒரே நிலையில் இருப்பதும் இல்லை. 2008 மே 29 அன்று அந்தப் பகுதியில் 6.3 அளவில் நிலநடுக்கம் வந்தது. அதன் பிறகு குவெராகெர்திக்கு மேலே உள்ள சரிவில் புதிய இடங்களில் ஆவி கிளம்பியது. 'பாதை எனக்குத் தெரியும்' என்று எழுதியிருக்கிறீர்கள். பாதை தெரியும், சரி. பாதைக்கு ஓரடி தள்ளி இருக்கும் மண் இந்த ஆண்டு எப்படி இருக்கிறது என்பது வாரத்தில் பல நாள் அங்கே நடப்பவருக்குத்தான் தெரியும். கைபேசி வரைபடம் அதைக் காட்டாது.

கொதிக்கும் சுனைகளைச் சுற்றியுள்ள தரையை நீங்கள் குனிந்து பார்த்தீர்களா? சாம்பல் வெள்ளையாக, காய்ந்து, வெடித்து, உறுதியான களிமண்போல் இருக்கும். பல இடங்களில் அது வெறும் மேலோடு. நீரில் கரைந்து வந்த தாதுக்கள் படிந்தும், ஆவியில் பாறை வெந்து களிமண்ணாகியும் உண்டான ஓடு. அடியில் கொதிநீரோ கொதிக்கும் சேறோ இருக்கும். பக்கத்தில் பச்சைப் பசேலென்று புல் முளைத்திருக்கும். புல் இருக்கிறதே என்று நம்பிக் கால் வைப்பவர்களுக்குக் கணுக்கால் வரை வெந்துபோகிறது. 60 டிகிரி நீர் ஐந்தே விநாடிகளில் தோலின் ஆழம் வரை பொசுக்கிவிடும். நீங்கள் பார்த்து ஆசைப்பட்ட நீலச் சுனை அதைவிடச் சூடாக இருந்திருக்கும். நன்றாகத் தெளிந்து, அடி வரை நீலமாகத் தெரியும் சுனை பெரும்பாலும் பாசிகூட வாழ முடியாத அளவு கொதிக்கும் சுனை. அவ்வளவு தெளிவாக இருப்பதற்கு ஒரு காரணமே நீரை நிறம் மாற்றும் பாசிகள் அதில் வாழ முடியாததுதான்.

அமெரிக்காவின் யெல்லோஸ்டோன் பூங்காவில் 2016 ஜூன் மாதம் நடந்ததை இங்கே சொல்ல வேண்டியிருக்கிறது. நாரிஸ் என்ற பகுதியில் 23 வயது இளைஞர் ஒருவர் தன் சகோதரியுடன் மரப்பாதையை விட்டு இறங்கி, குளிக்கத் தோதான சுனை தேடிப் போனார். நீரின் சூட்டைப் பார்க்கக் குனிந்தவர் வழுக்கி உள்ளே விழுந்தார். உடலைக்கூட மீட்க முடியவில்லை. அவர் பொறுப்பற்றவர் என்று நான் நினைக்கவில்லை. உங்களுக்கும் எனக்கும் உள்ள அதே ஆசைதான் அவருக்கும் இருந்தது. கூப்பிட்டுத் தடுக்க அருகில் யாரும் இல்லை.

இனி ஆற்றுக்கு வருவோம். அந்த ஆறு மேலே சூடாகவும் கீழே போகப் போக மிதமாகவும் இருக்கிறது. காரணம் எளிது: மேலே கொதிநீர் ஊற்றுகள் வந்து கலக்கின்றன, இறங்க இறங்கக் குளிர்ந்த ஓடைகள் சேர்கின்றன. நீங்கள் அதில் உட்கார்ந்தபோது கவனித்திருப்பீர்கள், இடது தொடையில் சூடு, வலது தொடையில் குளிர்ச்சி, முதுகுக்குப் பின்னால் இன்னொரு சூடு. அரை அடி நகர்ந்தால் வேறு நீர். படுகைக்கு அடியிலிருந்தும் ஆங்காங்கே சூடு கசியும், சரளையில் விரலை நுழைத்தால் சுள்ளென்று தெரியும். மழை பெய்த மறுநாள் ஆறு குளிர்ந்திருக்கும். மழை இல்லாத வாரத்தில் அதே கல்லுக்குப் பக்கத்தில் உட்கார முடியாது. அதனால்தான் நேற்றும் அதே இடத்துக்கு வந்தவர் இன்றும் கையை வைத்துப் பார்க்கிறார். அவர் காட்டிய கல் அன்றைக்கு மட்டுமே எல்லை. அடுத்த ஆண்டு நீங்கள் அதே கல்லைத் தேடிப் போவீர்களோ என்பதுதான் என் கவலை.

கால் மணி நேரக் கணக்கு உடம்பின் கணக்கு. 38 முதல் 40 டிகிரி வரையிலான நீர் சுகமானது. அமெரிக்காவில் வெந்நீர்த் தொட்டிகளுக்கே 40 டிகிரிதான் உச்ச வரம்பு என்று வைத்திருக்கிறார்கள். அந்தச் சூட்டில் தோலுக்கு அடியில் உள்ள ரத்தக் குழாய்கள் விரிகின்றன, இதயம் வேகமாகத் துடிக்கிறது, ரத்த அழுத்தம் இறங்குகிறது. உட்கார்ந்திருக்கும்வரை நீரின் அழுத்தம் உடலைத் தாங்கிப் பிடிக்கிறது. சட்டென்று எழுந்தால் அந்தத் தாங்கலும் போய், ரத்தம் கால்களுக்கு இறங்கி, தலை சுற்றுகிறது. வழுக்கும் கற்கள் நிறைந்த ஆற்றில் ஒரு கணம் கண் இருட்டினால் போதும்.

உங்கள் அம்மாவின் விஷயம் இங்கேதான் வருகிறது. மாத்திரை ஏற்கெனவே அழுத்தத்தைக் குறைக்கிறது, வெந்நீரும் குறைக்கிறது. மேட்டில் ஒரு மணி நேரத்துக்கு மேல் நடந்து, வியர்த்து, தண்ணீர் போதாமல் வந்து உடனே இறங்கினால் மூன்றும் சேர்ந்துகொள்ளும். அவர் போகக் கூடாது என்று நான் சொல்லவில்லை. மருத்துவரைக் கேட்டுவிட்டுப் போகட்டும். சேர்ந்ததும் கால் மணி நேரம் உட்கார்ந்து தண்ணீர் குடிக்கட்டும். மிதமான இடத்தில் இடுப்பளவு நீரில் பத்து நிமிடம் இருக்கட்டும். எழும்போது முதலில் கல்லின் மேல் உட்கார்ந்து, பிறகு ஒருவர் கையைப் பிடித்து நிற்கட்டும். கூடவே மது வேண்டாம். வெந்நீரில் மது அருந்துவதை நான் யாருக்கும் பரிந்துரைக்க மாட்டேன், இளைஞர்களுக்கும்.

தலையை முக்கக் கூடாது என்ற விதி உலகம் முழுவதும் வெந்நீர் ஊற்றுகளை அறிந்தவர்கள் கடைப்பிடிக்கும் பொது விதி. நேக்லேரியா ஃபௌலேரி என்று ஓர் அமீபா உண்டு. வெதுவெதுப்பான நன்னீரில் வாழும், ஏறத்தாழ 46 டிகிரி வரை பெருகும். 1965இல் ஆஸ்திரேலிய மருத்துவர்கள் முதன்முதலில் இதை விவரித்தார்கள். விழுங்கினால் ஒன்றும் செய்யாது. மூக்கு வழியாக ஏறினால் மூளைக்குப் போகும். தொற்று மிக மிக அரிது, ஆனால் தொற்றியவர்களில் 100க்கு 97 பேருக்கு மேல் பிழைப்பதில்லை. நியூசிலாந்தின் வெந்நீர்க் குளங்களில் 'தலையை நீருக்கு மேலேயே வைத்திருங்கள்' என்ற எச்சரிக்கைப் பலகைகளே இருக்கின்றன. எந்தச் சுனையில் அது இருக்கிறது, எதில் இல்லை என்று கரையிலிருந்து பார்த்துச் சொல்ல முடியாது. தலையை நனைக்காமல் இருப்பதால் இழப்பதும் ஒன்றுமில்லை.

அழுகிய முட்டை நாற்றத்தைப் பற்றி நீங்கள் எழுதவில்லை, ஆனால் முகர்ந்திருப்பீர்கள். அது ஹைட்ரஜன் சல்ஃபைடு. காற்றைவிடக் கனமானது, காற்று அசையாத நாளில் பள்ளங்களில் தேங்கும். அளவு கூடும்போது மூக்கு மரத்துப்போய் நாற்றமே தெரியாமல் போகும், அதுதான் அபாயம். திறந்த பள்ளத்தாக்கில் காற்று வீசும்போது பயமில்லை. ஆவி வரும் குழிகளை எட்டிப் பார்க்கக் குனியாதீர்கள்.

இப்போது நீங்கள் கேட்ட மையமான கேள்வி: இயற்கையோடு தனியாக இருப்பது. நண்பரே, அங்கே இருப்பது நீங்கள் மட்டுமல்ல. சுனைகளின் ஓரத்தில் ஆரஞ்சும் பச்சையும் பழுப்புமாகப் பட்டை பட்டையாகத் தெரிவது உயிர். நுண்ணுயிர்கள் தத்தமக்குத் தாங்கும் சூட்டில் அடுக்கடுக்காகக் குடியிருக்கின்றன. யெல்லோஸ்டோனின் சுனை ஒன்றில் தாமஸ் ப்ராக் 1960களில் கண்டெடுத்த தெர்மஸ் அக்குவாட்டிகஸ் என்ற பாக்டீரியாவின் நொதிதான் பிசிஆர் பரிசோதனையைப் பரவலாக்கியது. அதே பூங்காவில் மார்னிங் குளோரி என்ற சுனை முன்பு முழுவதும் நீலமாக இருந்தது. பார்க்க வந்தவர்கள் காசும் குப்பையும் எறிந்து ஊற்றுக்கண்ணை அடைத்தார்கள். நீர் ஆறியது, ஓரத்தில் இருந்த மஞ்சளும் ஆரஞ்சும் நடுவை நோக்கி நகர்ந்துவிட்டன. ரெய்க்யதாலுரிலும் 2018 வசந்த காலத்தில் பனி உருகிச் சேறான தடத்தை மக்கள் சுற்றிச் சுற்றி மிதித்ததில் இரு பக்கமும் புல்லும் பாசியும் நாசமாகி, பாதையைத் தற்காலிகமாக மூட வேண்டியிருந்தது. வழிகாட்டி உங்களைக் கூப்பிட்டுத் தடுத்த அந்த 'இரண்டடி'யை அன்று பலர் எடுத்து வைத்திருந்தார்கள்.

எல்லா வழிகாட்டிகளும் அவரைப்போல இருப்பதில்லை. படம் எடுத்துக் கொடுத்துவிட்டு, கைக்கடிகாரத்தைப் பார்த்து விரட்டுபவர்களும் இருக்கிறார்கள். அவர்களுக்குக் கொடுக்கும் பணம் வீண். முன்பதிவு செய்யும்போதே கேளுங்கள்: குழுவில் எத்தனை பேர்? உடல்நிலை பற்றி முன்கூட்டியே விசாரிப்பீர்களா? ஒருவருக்கு முடியாமல் போனால் அவரோடு திரும்பி வர இன்னொருவர் இருக்கிறாரா? மூன்றாவது கேள்விக்குத் தடுமாறுகிறவர்களோடு அம்மாவை அழைத்துப் போகாதீர்கள்.

குளித்து முடித்த பிறகுதான் பலர் சிரமப்படுகிறார்கள். அங்கே ஆடை மாற்ற மரத்தடுப்புகள் மட்டும்தான் உண்டு, கூரை கிடையாது. ஈர உடம்பில் காற்று அடிக்கும், பிறகு ஏறத்தாழ 3 கிலோமீட்டர் இறக்கம். நன்றாகத் துவட்டிக்கொள்ளுங்கள். உலர்ந்த காலுறையும் கம்பளிச் சட்டையும் நீர்புகாத உறையில் இருக்கட்டும். பருத்தி உடை வேண்டாம், ஈரமானால் அது குளிரைப் பிடித்துவைத்துக்கொள்ளும்.

தனிமை வேண்டும் என்ற ஆசைக்கு ஒரு வழி இருக்கிறது. ஜூன் மாதத்தில் அங்கே நள்ளிரவு நெருங்கும்போதுதான் சூரியன் மறைகிறது, முழுவதும் இருட்டுவதே இல்லை. உங்கள் மூவருக்கு மட்டும் ஒரு வழிகாட்டியை அமர்த்திக்கொண்டு மாலை ஏழு மணிக்கு ஊரிலிருந்து நடக்கத் தொடங்குங்கள். பகலில் வந்த கூட்டம் எதிரே இறங்கி வந்துகொண்டிருக்கும். அவர் கையை வைத்துப் பார்த்து இடத்தைக் காட்டியதும், சற்றுத் தள்ளிக் கரையில் உட்கார்ந்துகொள்ளச் சொல்லுங்கள். மகிழ்ச்சியாகச் செய்வார்.

அன்புடன்