ஜீவனாம்சம் தராத கணவருக்குக் குழந்தையைக் காட்டாமல் இருக்கலாமா?

கணவர் மாதப் பணம் தருவதில்லை, அப்புறம் கோர்ட் சொன்ன நாளில் குழந்தையை மட்டும் நான் ஏன் கூட்டிக்கொண்டு போக வேண்டும் என்று கேட்டிருக்கிறீர்கள். கூட்டிக்கொண்டு போய்விடுங்கள் சிஸ்டர். நீங்கள் யோசிப்பதை நான் செய்தே பார்த்து நன்றாக வாங்கிக் கட்டிக்கொண்டேன்.

நான் தண்டையார்பேட்டை. பையனுக்கு அப்போது ஆறு வயது. ஹைகோர்ட் வளாகத்துக்குள் இருக்கும் குடும்ப நல நீதிமன்றத்தில் வழக்கு. மாதத்தில் இரண்டு சனிக்கிழமை, இரண்டு மணி நேரம், அங்கேயே குழந்தைகள் மையத்தில் அப்பா பார்க்கலாம் என்று இடைக்கால உத்தரவு. ஜீவனாம்சத்துக்கும் உத்தரவு இருந்தது, ஆனால் மூன்று மாதம் ஒரு பைசா வரவில்லை. ஸ்கூல் ஃபீஸுக்கு என் வளையல் சேட்டு கடைக்குப் போனது. அந்த ஆத்திரத்தில் சனிக்கிழமை காலையில் போன் போட்டு, பையனுக்குக் காய்ச்சல், வர முடியாது என்று சொல்லிவிட்டேன். பக்கத்தில் இட்லி தின்றுகொண்டிருந்தவன் "எனக்குக் காய்ச்சல் இல்லையேம்மா" என்றான். அப்போதாவது புத்தி வந்ததா, அடுத்த முறையும் அதே காய்ச்சல்தான்.

அவர் மனு போட்டார். "பணம் வரலைன்னா பணத்துக்கு மனு போடும்மா, பையனை ஏன் அடமானம் வைக்கிற?" என்று ஜட்ஜம்மா கேட்டார். பணம் தராத ஆள் கைகட்டி நல்ல பிள்ளையாக நிற்கிறார், திட்டு எனக்கு!

பணமும் பார்ப்பதும் தனித்தனி. ஐந்து வயது வரை அம்மாவிடம்தான் என்று சொல்வார்கள், 1956ஆம் வருட இந்து மைனர், கார்டியன் சட்டத்தில் அப்படி இருப்பது குழந்தை யாரிடம் வளர்வது என்பதற்கு, அப்பா பார்ப்பதைத் தடுக்க அது உதவாது. நேரில் முடியாவிட்டால் வீடியோ காலிலாவது பேச வேண்டும் என்று உச்ச நீதிமன்றமே 2020இல் சொல்லியிருக்கிறது. 2022இல் இங்கே ஹைகோர்ட்டில் ஒரு நீதிபதி, பார்க்க வருகிறவரை விருந்தாளி போல நடத்த வேண்டும் என்று சொன்னது பேப்பரில் வந்தது, பிறகு அப்பீலில் அந்த உத்தரவை ரத்து செய்துவிட்டார்கள். டீ போடும் அளவுக்கு எனக்கு மனசு இல்லை, அதையும் சொல்லிவிடுகிறேன்.

அடி உதை பட்டவர்கள் என் மேல் பாயாதீர்கள், உங்கள் கதை வேறு. குழந்தைக்கு ஆபத்து என்றால் ஆள் கூட இருக்கும்போது மட்டும் பார்க்கட்டும் என்றோ, நிறுத்தி வையுங்கள் என்றோ நீங்களே மனு போடலாம். எங்களுடையது இந்து திருமணச் சட்ட வழக்கு, அதில் 26ஆவது பிரிவில் உத்தரவை மாற்றிக் கேட்க வழி இருக்கிறது. நீங்களாக நிறுத்தினால்தான் வம்பு.

இதில் யாருமே பேசாத ஒன்று சனிக்கிழமை. எம்.சி.ரோட்டில் துணிக்கடையில் நிற்கிறேன். நிற்கிறேன் என்றால் உண்மையிலேயே நிற்பதுதான். கடை ஊழியர்கள் உட்கார இருக்கை போட வேண்டும் என்று 2021இல் சட்டமே வந்தது, எங்கள் கடையில் வாங்கிய ஸ்டூல்மேல் சேலைக் கட்டுதான் உட்கார்ந்திருக்கிறது. சனிக்கிழமை கூட்டத்தில் பாதி நாள் லீவு கேட்டால் முழு நாள் சம்பளத்தைப் பிடிப்பார்கள், தீபாவளி நேரத்தில் கேட்கவே முடியாது. மெட்ரோவில் மண்ணடி தாண்டி இறங்கி, பையனை உள்ளே விட்டுவிட்டு வெளியே இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருக்கும்போது மனசு கணக்குதான் போடும். அவருக்கு என்ன, பிஸ்கட் பாக்கெட்டோடு இருபது நிமிஷம் லேட்டாக வருவார்.

அதனால் ஒரு நோட்டு போடுங்கள். எந்தத் தேதி போனோம், அவர் எத்தனை மணிக்கு வந்தார், பணம் எந்த மாதம் வந்தது, எல்லாம் எழுதுங்கள். பாக்கிக்கு எக்ஸிகியூஷன் பெட்டிஷன், அதாவது கோர்ட் உத்தரவை நிறைவேற்றித் தரச் சொல்லும் மனு, போட்டபோது என் வக்கீல் முதலில் கேட்டது அதைத்தான். இரண்டு மாதப் பணம் வந்துவிட்டது. மீதிக்கு வாய்தா போட்டிருக்கிறார்கள், அதுவும் சம்பளம் போகிற நாள்தான்.